பதில் சொல்லாத சொல்லக்கா

அந்த பஸ்ஸில் ஏறுகிற எல்லோருக்கும் அவள் அக்காதான். பல் போன பெரியவர்கூட, படியில் கால் வைக்கும்போதே "சொல்லக்கா, ஜன்னலோரம் காலியா இருக்கா?" என்றுதான் கேட்பார். அலுவலகத்தில் அவளுடைய பதவிக்குப் பெயர் 'பயண நிதானிப்பாளர், தரம் இரண்டு'. தரம் ஒன்று யார் என்று ஒருநாள் விசாரித்துப் பார்த்தாள். அப்படி யாருமே கிடையாதாம். இரண்டாம் தரத்தில் இருப்பவர்களுக்கு ஆசைப்பட ஓர் இடம் வேண்டுமே என்று அதைக் காலியாக வைத்திருக்கிறார்களாம்.

வேலை என்னவென்றால், சொல்வது. அதைப் புரிந்துகொள்ள அந்தச் சாலையைப் பற்றிச் சொல்லியாக வேண்டும்.

இரண்டு ஊர்களுக்கும் நடுவில் கசங்கல் என்று ஓர் இடம் இருக்கிறது. ஈரத்தோடு சுருட்டி மூலையில் போட்ட துணியைப் போல, காலம் அங்கே மடிந்தும் முறுக்கிக்கொண்டும் கிடக்கும். ஜன்னலுக்கு வெளியே ஒரு மரம் கன்றாக நிற்கும். கண்ணைக் கசக்கிவிட்டுப் பார்த்தால் வெட்டிய கட்டையாக இருக்கும். தலையைத் திருப்பினால் பூத்துக் குலுங்கும். கொஞ்ச தூரம் உச்சிவெயில், அதை ஒட்டியே சாயங்காலம், பிறகு மறுபடி உச்சிவெயில், கட்டம் போட்ட சட்டை மாதிரி. பிளாஸ்க்கில் இருக்கும் டீ ஆறிப்போகும், ஒரு வளைவு தாண்டியதும் தானே சூடாகிவிடும். இதற்காகவே வீட்டிலிருந்து ஆறின டீயை ஊற்றிக்கொண்டு வருகிற சிக்கனக்காரர்களும் உண்டு.

டீ ஆறிச் சூடானால் யாருக்கும் நஷ்டமில்லை. ஆட்கள் அப்படி ஆனால்தான் வம்பு. கசங்கலில் வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்திருப்பவர் இறங்கும்போது பல வயது கூடியிருக்கலாம், குறைந்தும் இருக்கலாம். எது என்று முன்கூட்டிச் சொல்ல ஆளில்லை. சீக்கிரம் ஓய்வு பெற ஆசைப்பட்ட ஒரு குமாஸ்தா, வேண்டுமென்றே வாயில் மிட்டாயை அடக்கிக்கொண்டு போனார். இறங்கும்போது மீசையைக் காணோம். இன்னும் ஓர் ஆயுள் முழுக்கக் கோப்பு புரட்ட வேண்டியிருக்கிறதே என்று இன்றுவரை முனகிக்கொண்டிருக்கிறார்.

வாய் ஓயாமல் பதில் சொல்லிக்கொண்டே வருகிறவர்களை மட்டும் கசங்கல் தொடாது. ஏறினவர் ஏறினபடி இறங்கலாம். எனவே பஸ் வேகம் குறைந்து முதல் வளைவுக்குள் நுழைந்ததும் சொல்லக்கா முன்கம்பியைப் பிடித்துக்கொண்டு எழுந்து நிற்பாள்.

"அடுப்பு?"

"அணைச்சாச்சு," என்று மொத்த பஸ்ஸும் சொல்லும்.

"கதவு?"

"பூட்டியாச்சு."

"சாவி?"

"கையில இருக்கு."

"தண்ணி?"

"கூட வருது."

"நாம?"

"போயிட்டிருக்கோம்."

"போனா?"

"திரும்பி வருவோம்."

பிறகு மறுபடி அடுப்பு. வழி முழுக்க இவ்வளவுதான். இதைக் கண்டுபிடித்தது ஞானியும் இல்லை, முனிவரும் இல்லை. முன்னொரு காலத்தில் ஒரு புருஷன் பெண்டாட்டி அந்த வழியாக வண்டியில் போனார்கள். "அடுப்ப அணைச்சீங்களா?" என்று அவள் கேட்டுக்கொண்டே வர, "அணைச்சாச்சுடி" என்று அவர் எரிந்து விழுந்துகொண்டே வர, அந்த வண்டியில் வயது மாறாமல் இறங்கினவர் அந்தப் புருஷன் ஒருத்தர் மட்டும். ஊர் அன்றைக்குப் பாடம் கற்றது. இவ்வளவு சாதாரணமான சொற்கள் ஒரு பொதுச் சேவைக்கு அழகா என்று யோசித்த போக்குவரத்து அலுவலகம், நடுவில் ஒரு குழு போட்டு, காலத்தை விளித்து உருக்கமாக ஒரு புதுச் சொல் எழுதி வாங்கியது. உண்மையிலேயே நன்றாக இருந்தது. பயணிகள் சொல்வதை நிறுத்திவிட்டு ரசிக்க ஆரம்பித்தார்கள். அந்த பஸ்ஸில் போன சின்னப் பையன் ஒருவன் தாடியோடு இறங்கிய பிறகு, அடுப்பு திரும்பி வந்தது.

இதில் ஒரு நுணுக்கம் உண்டு. கேள்வி யாரையும் பிடித்து நிறுத்தாது, பதில்தான் நிறுத்தும். கேட்கிற சொல்லக்காவும் கேட்டு முடித்த கையோடு கூட்டத்தோடு சேர்ந்து பதிலும் சொல்ல வேண்டும். அவரவர் பதிலை அவரவர் வாயால், சத்தமாக. அடுத்தவருக்காகச் சொன்னால் செல்லாது. மனசுக்குள் சொன்னால் செல்லாது. தூங்கினால், கேட்கவே வேண்டாம். அதனால் சொல்லக்கா வரிசை வரிசையாக நடந்து, தலை சாய்ந்தவர்களின் தோளைத் தட்டிக்கொண்டே போவாள். மந்திரி மாதிரி ஆட்களானாலும் தட்டு ஒன்றுதான்.

ஒரே ஒரு தடவைதான் தட்டாமல் விட்டாள்.

தங்கையை வீட்டில் 'சின்னது' என்பார்கள். அம்மா போனபோது சின்னது பள்ளிக்கூடம் போகிற வயதில் இருந்தாள். அக்கா அவளைவிட எட்டு வயது மூத்தவள். பின்னல் போட்டு, மருந்துக்கு வாய் திறக்கவைத்து, திட்டி, கெஞ்சி ஆளாக்கினாள். வளர்ந்ததும் சின்னதுக்கு அந்தப் பக்கத்து ஊர் பிஸ்கட் தொழிற்சாலையில், பொட்டலம் போடும் பிரிவில் வேலை கிடைத்தது. அதுவரை வேலைக்கு நின்ற துணிக்கடையில் கடைசி வாரம் தள்ளுபடி விற்பனை. காலையிலிருந்து கடை மூடும்வரை நின்றபடியே புடவை பிரித்துக் காட்டிக் கால் வீங்கிப்போயிருந்தாள். புது வேலையில் சேரப் போகும் நாள், பஸ்ஸில் முன்சீட்டில் உட்கார்ந்தவள், கசங்கல் பாதி தாண்டியதும், பக்கத்தில் வந்து உட்கார்ந்த அக்காவின் தோளில் சாய்ந்தாள்.

தட்டக் கை போனது. தூங்குகிற முகத்தைப் பார்த்ததும் நின்றுவிட்டது. பாவம், கொஞ்சம் தூங்கட்டும், அவளுக்கும் சேர்த்து நான் சொல்கிறேன் என்று நினைத்து, ஒவ்வொரு பதிலையும் இரண்டு தடவை சொன்னாள். செல்லாது என்று ஊருக்கெல்லாம் சொல்கிறவள்தான். பெற்ற பிள்ளை மாதிரி வளர்த்த பிள்ளைக்கு மட்டும் விதி கொஞ்சம் விட்டுக்கொடுக்கும் என்று யாருக்குத்தான் தோன்றாது?

கடைசி வளைவில் சின்னது கண் விழித்தாள். டிரைவருக்கு மேலே இருந்த கண்ணாடியைப் பார்த்தாள்.

"அக்கா," என்றாள், "யாரு இது, அம்மா மாதிரி?"

அச்சில் அம்மாவேதான், ஆனால் கண்ணாடிக்குள் இருந்தது சின்னதுதான். நரைத்த முன்முடி, இரண்டு பக்கமும் இறங்கிய கன்னம். அக்காவைவிட நிச்சயமாகப் பதினேழு பதினெட்டு வயது மூத்தவள். மூட்டுக்கு ஐம்பது தாண்டிவிட்டது, மனசுக்கு இருபத்தாறுதான். அதன் பிறகும் பளபளக்கும் கிளிப்தான் வாங்கினாள். முடி அடர்த்தி இல்லாததால் அது வழுக்கி வழுக்கி விழுந்தது. அக்காவை ஒரு வார்த்தை குறை சொன்னதில்லை. ஆனால் அந்த பஸ்ஸில் மட்டும் மறுபடி ஏறவில்லை. தொழிற்சாலை விடுதியிலேயே தங்கிவிட்டாள். தினமும் பஸ் அந்தப் பக்கம் வந்து நிற்கிற நேரத்துக்கு நிலையத்துக்கு வந்து, அக்காவுக்கு டீ வாங்கிக் கொடுப்பாள். இரண்டு பேரும் ஊர்வம்பு பேசுவார்கள். நரைத்த தலை 'அக்கா' என்று கூப்பிடும்போது பக்கத்தில் நிற்பவர்கள் திரும்பிப் பார்ப்பார்கள். "உங்க அம்மாங்களா?" என்று யாராவது கேட்டால், "சொந்தக்காரங்க" என்று சொல்லிவிட்டு அக்கா டீயைப் பாதியில் வைத்துவிடுவாள்.

இப்படிச் சில வருஷம் போன பிறகு தொழிற்சாலைக்குப் புது மருத்துவர் வந்தார். சின்னதின் முட்டியை அழுத்திப் பார்த்து, ஓய்வு பெறும் வயது ஆகிவிட்டது என்றார். பிறந்த தேதி வேறு மாதிரி இருக்கிறதே என்றார் மேலாளர். தேதி பொய் சொல்லும், முட்டி சொல்லாது என்றார் மருத்துவர். தொழிற்சாலை முட்டியை நம்பியது. ஒரு பெட்டி உடைந்த பிஸ்கட்டும் ஒரு கைகுலுக்கலும் கொடுத்து, விடுதி அறையைக் காலி செய்யச் சொன்னது.

"அக்கா, வீட்டுக்கு வந்துரட்டுமா?" என்று நிலையத்தில் டீயை ஆற்றிக்கொண்டே கேட்டாள் சின்னது.

"இதெல்லாம் ஒரு கேள்வியா?"

"பஸ்ல ஏறணுமே."

"நான் இருக்கேன்ல."

"அப்பவும் நீ இருந்தியே," என்று சிரித்தாள் சின்னது. குத்திக் காட்டுகிற சிரிப்பு இல்லை. அதுதான் அக்காவுக்குத் தாங்கவில்லை.

அன்று திரும்பும்போது, சின்னது நிலையத்துப் படியில் கம்பியைப் பிடித்துப் பிடித்து இறங்கிப் போவதை ஜன்னல் வழியாகப் பார்த்துக்கொண்டிருந்தாள் அக்கா. அம்மாவும் கடைசி வருஷங்களில் அப்படித்தான் இறங்குவாள். அடுத்து என்ன என்று அவளுக்குத் தெரியும். வரிசை என்று ஒன்று இருக்கிறதே. பஸ்ஸில் ஏறுகிற வரிசையில் யாராவது குறுக்கே புகுந்தாலே சட்டையைப் பிடித்து இழுத்துப் பின்னால் விடுகிறவள் அவள். இந்தப் பெரிய வரிசையில் தன் கையால் வளர்த்தது தனக்கு முன்னால் போய் நிற்பதை எப்படிச் சும்மா பார்ப்பது?

ஆகவே தீர்மானித்தாள். சின்னது வருகிற அன்றைக்குக் கேள்வியை எல்லாம் கேட்பது, பதிலை ஒன்றுகூடச் சொல்லாமல் இருப்பது. பயணிகளுக்கு ஒரு குறையும் வராது. அத்தனை குரலில் தன் குரல் இல்லாததை ஒருவரும் கவனிக்கப் போவதில்லை. இறங்கும்போது தனக்கும் இருபது வயது கூடியிருக்கும்; மறுபடி அவள்தான் அக்கா. மிட்டாய்க் குமாஸ்தாவின் ஞாபகம் வராமல் இல்லை. வந்ததும் அதை ஓரமாகத் தள்ளிவிட்டாள். கசங்கலுக்கும் ஒரு நியாயம் இருக்கும், தங்கைக்கு ஏற்றின மாதிரியே தனக்கும் ஏற்றும் என்று தனக்குத் தானே சொல்லிக்கொண்டாள். தீர்மானம் போட்டவர்கள் கணக்குப் போடுவதில்லை.

அந்த நாளும் வந்தது. சின்னது ஒரு பையும் பிஸ்கட் பெட்டியுமாக முன்சீட்டில் உட்கார்ந்தாள். முகத்தில் பயம் அப்பட்டமாக இருந்தது. தூக்கம் வராமலிருக்கப் பளபள கிளிப்பைக் கழற்றி, அதன் பல்லால் உள்ளங்கையை அழுத்திக்கொண்டாள்.

"பாட்டிம்மா, பயப்படாதீங்க," என்றார் போன வாரம்தான் மாறி வந்த டிரைவர் மாமா.

"யாருய்யா பாட்டி? உங்க பொண்ணு வயசு எனக்கு."

டிரைவர் மாமா கண்ணாடியில் ஒரு தடவை பார்த்தார், பிறகு சாலையைப் பார்த்தார். அந்த வழியில் ஓட்டுகிறவருக்கு வியப்பு சீக்கிரம் அடங்கிவிடும்.

முதல் வளைவு. அக்கா எழுந்து கம்பியைப் பிடித்தாள்.

"அடுப்பு?"

"அணைச்சாச்சு." பஸ் சொன்னது. சின்னது எல்லோரையும்விடச் சத்தமாகச் சொன்னாள். அக்கா சொல்லவில்லை.

இரண்டு சுற்று, மூன்று சுற்று போயிற்று. வெளியே மரம் கன்றாகி, கட்டையாகி, பூத்தது. அக்காவுக்கு எதிரே 'ஓட்டுநருடன் பேசாதீர்' என்ற பலகை மங்க ஆரம்பித்தது. மூக்குக்கண்ணாடிக்குள்ளேயே எழுத்துகள் கலங்கின. பார்வை போகிறது, வயது ஏறுகிறது என்று உள்ளுக்குள் ஒரு நிம்மதி பரவியது. பார்வை போவதற்கு அவளைப்போல் சந்தோஷப்பட்டவர் இருக்க முடியாது.

ஆனால் தூங்கிவிடக் கூடாதென்று கண்ணைக் கொட்டாமல் உட்கார்ந்திருந்த சின்னதுக்குப் பார்க்க வேறென்ன இருந்தது? அக்காவின் வாயைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"கதவு?"

"பூட்டியாச்சு. உன் வாயையும் பூட்டியாச்சா?"

"சும்மா இரு. சாவி?"

"கையில இருக்கு. அக்கா, நீ பதில் சொல்லல."

"மனசுக்குள்ள சொல்றேன். தண்ணி?"

"கூட வருது. மனசுக்குள்ள சொன்னா செல்லாதுன்னு என்னைக் கிள்ளிக் கிள்ளிச் சொல்லிக் கொடுத்தது யாரு?"

அக்கா பார்வையைத் திருப்பிக் கூட்டத்தைப் பார்த்தாள். சின்னதுக்கு மூட்டு வேண்டுமானால் தேய்ந்திருக்கலாம், மூளை தேயவில்லை. புரிந்துவிட்டது.

"நாம?"

"போயிட்டிருக்கோம். கிறுக்கி," என்றாள் சின்னது.

பின்வரிசையில் இருந்தவர்கள், சொல் புதிதாக மாறியிருக்கிறது போலும் என்று நினைத்து, "போயிட்டிருக்கோம், கிறுக்கி" என்று பயபக்தியோடு சொன்னார்கள்.

"போனா?"

"திரும்பி வருவோம். எனக்கு ஈடா கெழவி ஆகலாம்னு பாக்குறியா?"

"வரிசைன்னு ஒண்ணு இருக்குடி," என்றாள் அக்கா, குரலைத் தாழ்த்தி. "நீ எனக்குப் பின்னாடிதான் நிக்கணும். அடுப்பு?"

"அணைச்சாச்சு. நீ பாட்டுக்குச் சின்னப்புள்ளையா இறங்கிட்டா? இந்த முட்டிய வெச்சுக்கிட்டு உன்னைத் தூக்கிட்டு நான் எங்க ஓடுறது?"

"அதெல்லாம் ஆகாது. கதவு?"

பஸ் பூட்டியாச்சு என்றது. சின்னது சொல்லவில்லை.

"சாவி?" என்றாள் அக்கா, அவளையே பார்த்துக்கொண்டு.

சின்னது உதட்டை இறுக்கிக்கொண்டு ஜன்னல் பக்கம் திரும்பினாள். சின்ன வயதில் மருந்துக் கரண்டியைப் பார்த்ததும் மூடுகிற அதே வாய். எத்தனை நரைத்தாலும் அந்தப் பிடிவாதத்துக்கு வயது ஏறவில்லை.

"சொல்லுடி."

தலையை மட்டும் ஆட்டினாள். நீ சொல்லு, அப்புறம் நான் சொல்கிறேன் என்று அர்த்தம்.

அக்காவுக்கு அவளை நேருக்கு நேர் முறைக்க வேண்டும், முகமோ கலங்கித் தெரிகிறது. ஆத்திரத்தில் மூக்குக்கண்ணாடியைக் கழற்றினாள்.

எல்லாம் பளிச்சென்று தெரிந்தது. சின்னதின் கண்ணோரத்து வரிகள் ஒவ்வொன்றும் தனித்தனியாக. உள்ளங்கையில் கிளிப் பதித்த பல்தடம். அப்பால் 'ஓட்டுநருடன் பேசாதீர்', அதற்குக் கீழே யாரோ பொடியாகக் கிறுக்கியிருந்த 'அவரே பேசுவார்' வரைக்கும்.

கண்ணாடி இல்லாமல் இவ்வளவு தெரிந்தது எந்தக் காலத்தில்? அவளுக்கு வயது ஏறவில்லை. இறங்கிக்கொண்டிருந்தது. இத்தனை நேரமும் வரிசையில் இன்னும் பின்னால், பின்னால் போய்க்கொண்டிருந்திருக்கிறாள்.

சின்னதும் பார்த்துவிட்டாள். அக்காவின் காதோரம் காலையில் இருந்த நரையைக் காணோம். வாயைப் பொத்திக்கொண்டாள், முடியவில்லை, தோள் குலுங்கியது.

"சிரிக்காத. சிரிப்பு செல்லாது. பதில் சொல்லு. கையில இருக்கு, கையில இருக்கு," என்று அக்கா அவள் தோளைத் தட்டு தட்டென்று தட்டினாள். ஒரு தட்டில் இத்தனை வருஷத்துத் தட்டும் இருந்தது.

"கையில இருக்கு," என்றாள் சின்னது, சிரிப்பும் கண்ணீருமாக, அக்காவின் கையைப் பிடித்துக்கொண்டு.

அதன் பிறகு இரண்டு பேரும் ஒரு பதில் விடவில்லை. கடைசி வளைவுவரை ஒருத்தி வாயை ஒருத்தி பார்த்துக்கொண்டே வந்தார்கள். பின்வரிசை மட்டும் கிறுக்கியை விடாமல் சொல்லிக்கொண்டு வந்தது.

நிலையத்தில் நேரக் காப்பாளர் உட்கார்ந்திருந்தார். அந்த ஊரில் அந்தப் பதவியில் இருப்பதற்குத் தனி மனத்திடம் வேண்டும். சின்னதின் பையை வாங்கி வைத்துவிட்டுக் கேட்டார்: "யாரு சொல்லக்கா, அம்மாவா?"

சொந்தக்காரங்க என்ற சொல் நாக்குவரை வந்தது.

"தங்கச்சி," என்றாள் அக்கா. "கூடப் பொறந்தது. சின்னது."

அவர் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். "சரி," என்றார்.

"எங்கக்கா இன்னைக்கு ஏழெட்டு வயசு குறைஞ்சு வந்திருக்கா," என்றாள் சின்னது. "தரம் மூணுன்னு போட்டுடாதீங்க."

வீடு மாடியில். ஏறும்போது அக்கா கை கொடுத்தாள், சின்னது பிடித்துக்கொண்டாள். நடுவில் நின்று மூச்சு வாங்கினாள். அக்காவும் நின்றாள், மூச்சு வாங்கத் தேவையே இல்லாமல், சும்மா கூட நின்றாள்.

கதவு முன்னால் வந்து அக்கா பைக்குள் கையை விட்டாள். சாவி இல்லை. பூட்டும் இல்லை. கதவைத் தள்ளினால், பூட்டு உள்ளே ஆணியில் தொங்கிக்கொண்டிருந்தது, சாவி அதிலேயே இருந்தது. காலையில் தங்கை வருகிற பரபரப்பில் கதவை வெறுமனே சாத்திவிட்டுப் போயிருக்கிறாள்.

"வழி முழுக்கப் பூட்டியாச்சு, பூட்டியாச்சுன்னு ஊரையே சொல்ல வெச்ச," என்றாள் சின்னது.

"நான் சொன்னேனா?" என்றாள் அக்கா. "பாதி வழி நான் பதிலே சொல்லலையே."

சின்னது சுவரைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். கிளிப் வழுக்கி விழுந்தது. அக்கா அதை எடுத்து, முடியை இரண்டு சுற்றுச் சுற்றிப் பிடித்து, வழுக்காதபடி மாட்டிவிட்டாள்.

உள்ளே போய் முதல் வேலையாக அடுப்பைப் பற்றவைத்தாள். டீ கொதிக்கும்போது அறையிலிருந்து பேச்சு நின்றுபோனது. எட்டிப் பார்த்தாள். கட்டிலில் உட்கார்ந்த வாக்கில் சின்னது தூங்கிக்கொண்டிருந்தாள், பிஸ்கட் பெட்டி மடியிலேயே இருந்தது.

அக்கா டம்ளரோடு போய்ப் பக்கத்தில் உட்கார்ந்தாள். நரைத்த தலை மெல்லச் சாய்ந்து அவள் தோளுக்கு வந்தது. பழக்கதோஷம், தட்டக் கை எழுந்தது. எழுந்த கை பெட்டியை மடியிலிருந்து எடுத்துக் கீழே வைத்தது.

டீ ஆறிக்கொண்டிருந்தது. ஆறட்டும். இங்கே ஆறின டீ தானாகச் சூடாகாது. எழுந்ததும் மறுபடி போட்டுக்கொள்ளலாம்.